ஏழு கிலோமீட்டர் எங்கே?

நாலு மணிக்குள் ஏழு கிலோமீட்டரைக் கண்டுபிடித்தாக வேண்டும். இல்லாவிட்டால் டிரைவர் கோவிந்தப்பனை மாஜிஸ்திரேட் முன்னால் நிறுத்திக் கொலைக்கேசில் உள்ளே தள்ளிவிடுவார்கள். முத்துமணியின் கடிகாரத்தில் மணி பன்னிரண்டு பத்து.

ஸ்கூட்டரை அவள் ஓட்ட, பின்னால் அவளுடைய பாஸ், துப்பறிவாளர் எல்லப்பன் உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். பதினெட்டு வருஷம் மோட்டார் வாகன ஆபீசில் இருந்து ஊர் வண்டிகளின் குற்றம் குறையெல்லாம் கரைத்துக் குடித்தவர். வண்டியில் ஏறுவதற்குத்தான் பயம். ஓசூர் தொழிற்பேட்டைச் சாலையில் தை மாதத்துக் காற்று நட்டநடு மத்தியானத்திலும் சில்லென்று அடித்தது. வேகத்தைக் குறைக்கச் சொல்லி அவர் மூன்று தடவை இருமினார். முத்துமணி மூன்று தடவையும் காதில் வாங்காமல் ஓட்டினாள்.

காலையில் அவர்கள் ஆபீஸ் படியேறி வந்தவள் நஞ்சம்மா, கோவிந்தப்பனின் மனைவி. ஒரு சொட்டுக் கண்ணீர் விடாமல், கன்னடமும் தமிழும் மாற்றி மாற்றி நடந்ததைச் சொன்னாள். அவள் புருஷன் பிரேக் டிரம் செய்கிற ஒரு கம்பெனியில் அம்பாசடர் ஓட்டுகிறவன். திங்கட்கிழமை காலை ஒன்பது மணிக்குக் கம்பெனியின் தர ஆய்வாளர் பொன்னுசாமியை ஏற்றிக்கொண்டு போனான். மெட்ராஸ் தலைமை ஆபீசுக்குப் போக வேண்டியவர் அவர். பெங்களூரிலிருந்து வருகிற பஸ்ஸெல்லாம் ஓசூரில் நிற்க இடமில்லாமல் வரும் என்பதால், கிருஷ்ணகிரியிலிருந்தே புறப்படுகிற பஸ்ஸில் போய் ஏறுவது அந்தக் கம்பெனிக்காரர்களின் வழக்கம். பஸ் ஸ்டாண்டில் அவரை இறக்கிவிட்டுப் பன்னிரண்டுக்கெல்லாம் திரும்பிவிட்டதாகக் கோவிந்தப்பன் சொல்கிறான். பொன்னுசாமி மெட்ராஸ் போய்ச் சேரவில்லை. இன்றைக்கு வியாழன்.

அவனை மாட்டிவிட்டது கேட் ரிஜிஸ்டர். வெளியே போகிற காரின் மீட்டரையும், திரும்பி வந்ததும் அதே மீட்டரையும் வாட்ச்மேன் எழுதிவைப்பார். கிருஷ்ணகிரி பஸ் ஸ்டாண்டுக்குப் போய் வந்தால் நூறு கிலோமீட்டர். வருஷம் பூராவும் அப்படித்தான் இருக்கிறது: நூறு, நூறு, எப்போதாவது நூற்றொன்று. திங்கட்கிழமை மட்டும் தொண்ணூற்று மூன்று.

ஆகவே கார் கிருஷ்ணகிரிக்கே போகவில்லை, மூன்றரை கிலோமீட்டர் முன்னாலேயே திரும்பிவிட்டது என்று போலீஸ் முடிவு கட்டியது. அந்த இடத்தில் ஒரு மாந்தோப்பு. தேடிப் பார்த்தால், பாழுங்கிணற்றின் ஓரத்தில் பொன்னுசாமியின் தோல்பை கிடந்தது. ஆளைக் காணோம். போதாக்குறைக்கு ஒரு சாட்சியும் கிடைத்தார். கம்பெனியின் டிரான்ஸ்போர்ட் ஆபீசர் மதுரைவீரன், திங்கட்கிழமை காலை புல்லட்டில் கிருஷ்ணகிரிக்குப் போனபோது, அதே தோப்பருகில் அம்பாசடர் ஓசூர்ப் பக்கம் திரும்புவதைக் கண்ணாலேயே பார்த்தாராம். உள்ளே டிரைவரைத் தவிர யாருமில்லையாம்.

"மீட்டருக்கும் சாப்பாட்டு டைம் இருக்கும்போல சார். ஏழு கிலோமீட்டர் ரெஸ்ட் எடுத்துருக்கு," என்றாள் முத்துமணி, கம்பெனி வாசலில் ஸ்கூட்டரை நிறுத்தி.

"மீட்டர் நல்லா இருக்கும்மா. நேத்து போலீஸ்காரங்களே ரெண்டு கிலோமீட்டர் ஓட்டிப் பாத்துட்டாங்க. கல்லுக்குக் கல்லு சரியா காட்டிச்சாம்." எல்லப்பன் இறங்கி, முழங்கால்கள் இரண்டும் இருக்கின்றனவா என்று தடவிப் பார்த்துக்கொண்டார்.

மதுரைவீரன் தானே வந்து ஷெட்டைத் திறந்துவிட்டார். ஆறடி உயரம், மடிப்புக் கலையாத சட்டை, தெற்கத்திப் பேச்சு. டீ வரவழைத்துக் கொடுத்தார். பார்த்ததை இன்னொரு தடவை சொன்னார். பொன்னுசாமியைப் பற்றிச் சொல்லும்போது குரல் தழுதழுத்தது. நல்ல மனுஷன் என்று முத்துமணி நினைத்தாள். அப்படி நினைத்ததற்காகப் பிற்பாடு ஒரு வாரம் தன்னையே திட்டிக்கொண்டாள்.

"அங்கிட்டுப் போகலைன்னா போகலைதான். டிரைவர் பொய் சொல்லலாம். மீட்டர் சொல்லாதுல்ல," என்றார் அவர். மூன்று மணிக்கு ஸ்டேஷனில் வாக்குமூலத்தில் கையெழுத்துப் போட வேண்டும் என்று கிளம்பிவிட்டார்.

ஷெட்டுக்குள் அம்பாசடர் செவ்வாய்க்கிழமையிலிருந்து நிற்கிறது, போலீஸ் ஓட்டிய இரண்டு கிலோமீட்டரைத் தவிர. எல்லப்பன் மீட்டரைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. நேரே பின் சக்கரத்தருகே போய்க் குத்துக்காலிட்டு உட்கார்ந்தார். டயரின் பள்ளங்களை விரலால் தடவிக்கொண்டே வந்தவர் ஓரிடத்தில் நிறுத்தி, முத்துமணியிடம் ஒரு ஊக்கு கேட்டார். அவள் முந்தானையிலிருந்து கழற்றிக் கொடுத்தாள். பள்ளத்திலிருந்து அவர் நோண்டியெடுத்தது ஒரு விதையும், காய்ந்து சுருண்ட தோல் துணுக்கும். தோலில் குங்குமம் ஒட்டியிருந்தது.

எலுமிச்சம்பழம். இன்னொரு பின் சக்கரத்திலும் இருந்தது. முன் சக்கரம் இரண்டையும் கால்மணி நேரம் துருவிப் பார்த்தார்கள், மண்ணைத் தவிர ஒன்றுமில்லை.

"ஏம்மா, எலுமிச்சம்பழத்த எந்தச் சக்கரத்துக்கு அடியில வெப்பாங்க?"

"முன் சக்கரம் ரெண்டுக்கும். கையில தாராளமா இருந்தா நாலுக்கும்." முத்துமணி சொல்லிக்கொண்டே வந்து நின்றாள். "பின்னால மட்டும் வெக்கிற ஊர நான் பாத்ததில்ல சார். அப்டின்னா இந்த ரெண்டு சக்கரம் மட்டும் தனியா ஒரு விசேஷத்துக்குப் போயிட்டு வந்துருக்கு."

"வேற வண்டியில ஏறிக்கிட்டு," என்றார் எல்லப்பன்.

அவள் கைப்பையிலிருந்த முகம் பார்க்கும் கண்ணாடியை வாங்கிப் பின் மட்கார்டுக்கு உள்ளே பிடித்துக் காட்டினார். வருஷக்கணக்கில் படிந்த புழுதியில் ஒரு பிறை வடிவத்துக்குப் பளபளவென்று தேய்ந்திருந்தது. இப்போது மாட்டியிருக்கிற டயர் அந்த உயரத்துக்கு எட்டவே எட்டாது. அதைவிட உயரமான ஏதோ ஒன்று, சமீபத்தில், குண்டு குழியில் துள்ளி அங்கே உரசியிருக்கிறது.

மணி ஒன்று இருபது.

லாக்கப்பில் கோவிந்தப்பன் சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தான். மூன்று நாள் தாடி. நூறு கிலோமீட்டர் போய் வந்தேன் என்பதைத் தவிர வேறு பேச்சில்லை என்று இன்ஸ்பெக்டர் அலுத்துக்கொண்டார். எல்லப்பன் வெளியே நின்றுகொண்டு முத்துமணியை மட்டும் அனுப்பினார். டயரை யார் மாற்றியது என்று அவள் கேட்டாள். டயரா, என்ன டயர் என்றான். அவள் கம்பிக்குள் கையை நீட்டி உள்ளங்கையை விரித்துக் காட்டினாள். எலுமிச்சை விதையைப் பார்த்ததும் அவன் முகம் செத்துப்போனது.

சொல்லச் சொல்லி அவள் கெஞ்சினாள், மிரட்டினாள், மணியைக் காட்டினாள். அவன் தலையைத் தலையை ஆட்டினான். கடைசியில் நஞ்சம்மா வெளியே வெயிலில் நிற்கிறாள், காலையிலிருந்து பச்சைத் தண்ணீர்கூடக் குடிக்கவில்லை என்றதும் உடைந்தான்.

"கொல நான் பண்ல. பண்ணாதது எப்டியும் ஒரு நாள் தெரிஞ்சிரும்னு உக்காந்திருந்தன். டயரு நான் பண்ணது அக்கா. அத எங்கன்னு மறைக்கிறது?"

நஞ்சம்மாவின் தம்பி முனிராஜ் தேன்கனிக்கோட்டையில் ஒரு பழைய அம்பாசடரை வாடகைக்கு ஓட்டுகிறான். காட்டுப்பக்கச் சேற்றில் வண்டி வயிறு தட்டாமல் இருக்கப் பின்னால் இரண்டும் பெரிய சைஸ் டயர், அதுவும் வழுக்கை. திங்கட்கிழமை பெங்களூரில் முகூர்த்தம், பெண் வீட்டாரை ஏற்றிக்கொண்டு எல்லை செக்போஸ்ட்டைத் தாண்ட வேண்டும். அந்தச் சக்கரத்தோடு போனால் மடக்கிவிடுவார்கள். மச்சான் வந்து காலில் விழாத குறையாகக் கேட்க, ஞாயிற்றுக்கிழமை கம்பெனி வண்டியின் புது டயர் இரண்டையும் கழற்றிக் கொடுத்து, அவனுடையதை இதில் மாட்டிக்கொண்டான் கோவிந்தப்பன். திங்கட்கிழமை சாயந்திரம் திரும்பப் போட்டாயிற்று. ஒரு நாள் விஷயம்.

"வேற யாரும் பாக்கலியா?"

"பொன்னுசாமி சார் பாத்துட்டாரு." அவன் குரல் இறங்கிவிட்டது. "வண்டியில ஏறும்போதே பாத்துட்டாரு. மெட்ராஸ் போயிட்டு வந்து உன்னப் பேசிக்கறன்னாரு. இத நான் சொன்னா, அதுக்காகத்தான் அவர அடிச்சிப் போட்டன்னு சொல்ல மாட்டாங்களா?"

சொல்வார்கள். அவனைக் காப்பாற்றப்போகிற விஷயமே அவன் கழுத்துக்குக் கயிறாகவும் ஆகலாம்.

மூன்று மணிக்கு ஐந்து நிமிஷம் இருக்கையில் முனிராஜின் அம்பாசடர் ஸ்டேஷன் வளாகத்துக்குள் வந்து நின்றது. முத்துமணி சொல்லி நஞ்சம்மா போன் பண்ணித் தம்பியை வரவழைத்திருந்தாள். டயர் மாற்றியதைத் தம்பி தன்னிடம்கூடச் சொல்லவில்லையே என்று, எல்லார் முன்னாலும் அவன் தலையில் ஒரு குட்டு வைத்தாள். கம்பெனி வண்டியையும் போலீஸ் கொண்டுவந்து பக்கத்தில் நிறுத்தியது. மதுரைவீரன் புல்லட்டில் வந்து இறங்கி, மரத்தடி பெஞ்சில் உட்கார்ந்தார்.

எல்லப்பன் ஒரு சாக்பீஸும் பாவாடை நாடாவும் கேட்டார். நாடாவை எங்கிருந்து வாங்கினாள் என்று கேட்க வேண்டாம் என்றாள் முத்துமணி. கம்பெனி வண்டியின் பின் டயரில் தரையைத் தொடுகிற இடத்தில் ஒரு கோடு, தரையிலும் நேராக ஒரு கோடு. இரண்டு கான்ஸ்டபிள்கள் வண்டியைத் தள்ளினார்கள். டயர்க் கோடு ஒரு சுற்றுச் சுற்றி மறுபடி தரையைத் தொட்ட இடத்தில் இன்னொரு கோடு. நாடாவால் அளந்து ஸ்கேலில் வைத்தால் இருநூற்றேழு சென்டிமீட்டர். முனிராஜின் வண்டிக்கும் அதேபோலச் செய்தார்கள். இருநூற்று இருபத்துமூன்று.

"இது அஞ்சு தொண்ணூறு, பதினஞ்சு. அது ஆறு எழுபது, பதினஞ்சு," என்று எல்லப்பன் டயர் பக்கவாட்டில் பொறித்திருந்ததைப் படித்துக் காட்டினார். பதினைந்து என்பது நடுவிலிருக்கிற இரும்பு வட்டத்தின் அளவு, அது இரண்டிலும் ஒன்றுதான், அதனால் இந்தச் சக்கரம் அந்த வண்டியில் தகராறில்லாமல் உட்காரும். ஆனால் மேலே ஏறுகிற ரப்பர் தடிமனாகிவிட்டால் சக்கரம் வளர்ந்துவிடுகிறது. "மீட்டருக்கு ரோடு தெரியாதுங்க இன்ஸ்பெக்டர். பின் சக்கரம் எத்தன தடவ சுத்திச்சின்னு எண்றது மட்டுந்தான் அதுக்குத் தெரியும். சக்கரம் பெருசா இருந்தா ஒவ்வொரு சுத்துக்கும் முக்கா சாண் அளவுக்கு எண்ணாம விட்டுப்போவும்."

முத்துமணி காகிதத்தில் கணக்குப் போட்டு நீட்டினாள். நூறு கிலோமீட்டர் ஓடினால் பெரிய டயரோடு மீட்டர் காட்டுவது தொண்ணூற்று மூன்று, கிட்டத்தட்டச் சரியாக. ஏழு கிலோமீட்டர் எங்கேயும் தொலையவில்லை. கோவிந்தப்பன் கிருஷ்ணகிரிக்குப் போய்த்தான் வந்திருக்கிறான்.

நஞ்சம்மா புடவைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டாள். இன்ஸ்பெக்டர் அந்தக் காகிதத்தை வெகுநேரம் பார்த்தார். கெட்டவர் இல்லை, அவசரக்காரர்.

"கணக்கு சரிதான். ஆனா இந்த டயர் திங்கக்கெழம அந்த வண்டியில இருந்துச்சின்னு யார் சொல்றது? அக்யூஸ்டும் அவன் மச்சானும். கோர்ட்டுல சிரிப்பாங்க எல்லப்பன்." அவர் கடிகாரத்தைப் பார்த்தார். மூன்று இருபத்தைந்து. "மூணே முக்காலுக்கு நான் கெளம்பணும்."

மட்கார்டில் தேய்ந்திருக்கிறதே என்றார் எல்லப்பன். அது எப்போது தேய்ந்தது என்று எழுதியிருக்கிறதா என்றார் இன்ஸ்பெக்டர். எலுமிச்சை? அதற்கும் தேதி இல்லை. எல்லப்பன் மறுபடி டயரருகே போய்க் குத்துக்காலிட்டு உட்கார்ந்தார். கான்ஸ்டபிள் ஒருவர் விலங்கை எடுத்துக்கொண்டு லாக்கப் பக்கம் நடந்தார்.

பொன்னுசாமி பார்த்துவிட்டார். அதுதான் முத்துமணியின் மண்டைக்குள் திரும்பத் திரும்ப ஓடியது. தர ஆய்வாளர். நாள் பூராவும் டிரம்மை அளந்து, குறை கண்டுபிடித்து, எழுதிவைப்பதே தொழிலாகக் கொண்ட மனுஷன். அப்படிப்பட்டவர் கண்ணில் தப்பான சைஸ் டயர் பட்டால் வாயால் மட்டுமா சொல்வார்?

"சார், அந்தத் தோல்பையில நோட்டு ஏதாவது இருந்துச்சா?"

இருந்தது. ஒரு வேட்டி, ஒரு துண்டு, சோப்புப் பெட்டி, ஒரு பாக்கெட் நோட்டு. நோட்டு முழுக்க மில்லிமீட்டர் கணக்காக இருந்ததால் யாரும் படிக்கவில்லை. இன்ஸ்பெக்டர் பீரோவிலிருந்து எடுத்துவந்து கடைசிப் பக்கத்தைப் புரட்டினார். பொடிப்பொடியான, நேரான எழுத்து. அவர் வாய்விட்டே படித்தார்.

"திங்கள், காலை ஒன்பது இருபது. கம்பெனி கார். பின் டயர் இரண்டும் 6.70. இருக்க வேண்டியது 5.90. தவறு. டிரைவரைக் கண்டிக்க."

இன்ஸ்பெக்டர் கையைக் காட்ட, விலங்கு எடுத்தவர் நின்ற இடத்திலேயே நின்றார். மரத்தடியில் மதுரைவீரன் எழுந்து, அப்படியானால் நல்லதாகப் போயிற்று, எனக்கு வேலை இருக்கிறது என்று மெல்லச் சொன்னார்.

"ஒரே நிமிஷம் சார்," என்றார் எல்லப்பன் ரொம்ப மரியாதையாக. "கார் திரும்பினத எந்த எடத்துல பாத்தீங்க?"

அதே தோப்பு என்றார். நிச்சயமாகவா என்றதற்கு, நிச்சயமாக என்றார். சொல்லி முடித்த பிறகுதான் அவருக்கே உறைத்தது.

"கார் அங்க திரும்பவே இல்ல. நேரா கிருஷ்ணகிரி போயிருக்கு. ஆனா அந்த எடத்துல திரும்பிச்சின்னு இந்த ஒலகத்துல ஒண்ணே ஒண்ணுதான் சொல்லிச்சி. கேட் ரிஜிஸ்டர்." எல்லப்பன் அருகே போனார். "அம்பது கிலோமீட்டர் ரோட்டுல, ரிஜிஸ்டரப் பாத்துப் பாதியாக்கினா எங்க வருமோ, அங்கயே நீங்க கார பாத்திருக்கீங்க. அங்கயே பையும் கெடைச்சிருக்கு. தெனம் சாயந்திரம் ரிஜிஸ்டரப் பாத்துக் கையெழுத்துப் போடறது யாரு சார்? மீட்டர் பொய் சொல்லலதான். அத நம்பி நீங்க சொல்லிட்டீங்க."

மதுரைவீரன் புல்லட்டைப் பார்த்தார். அதன் குறுக்கே ஒரு ஸ்கூட்டர் நின்றது.

"என் ஸ்கூட்டர்தான் சார். ஸ்டாண்டு கொஞ்சம் மக்கர் பண்ணும். எடுக்க நேரமாவும்," என்றாள் முத்துமணி.

பத்து நிமிஷத்தில் கக்கிவிட்டார். கழித்துக் கட்டிய பிரேக் டிரம்களைப் பழைய இரும்பு என்று வெளியே அனுப்பி, புதுப்பெட்டியில் போட்டு விற்றுக்கொண்டிருந்தவர் அவர்தான். அதைப் பற்றிய அறிக்கையைத்தான் பொன்னுசாமி மெட்ராசுக்கு எடுத்துப்போனார். கிருஷ்ணகிரி பஸ் ஸ்டாண்டில், முதலாளியே இங்கே வந்திருக்கிறார் என்று ஆள்விட்டு அவரை அழைத்துப்போய் அடைத்துவிட்டார்கள். என்ன செய்வதென்று தெரியாமல் முழித்துக்கொண்டிருந்தபோதுதான், சாயந்திரம் ரிஜிஸ்டரில் ஏழு கிலோமீட்டர் குறைந்தது கண்ணில் பட்டது. பழி போட ஒரு டிரைவர் தானாக வந்து சிக்கினான். பொன்னுசாமியின் பையிலிருந்து அறிக்கையை மட்டும் எடுத்துக்கொண்டு, மறுநாள் பையைத் தோப்பில் போட்டார்.

ஆள் எங்கே என்று இன்ஸ்பெக்டர் சட்டையைப் பிடித்தார். மாம்பழ சீசன் வரைக்கும் பூட்டிக்கிடக்கிற ஒரு கூழ் ஆலையின் பெயர் வந்தது. வயர்லெஸ் கிருஷ்ணகிரிக்குப் பறந்தது. மூன்றே முக்கால் ஆனது, நாலு அடித்தது. யாரும் கோர்ட்டுக்குக் கிளம்பவில்லை. நாலு பத்துக்குப் பதில் வந்தது: ஆள் உயிரோடு இருக்கிறார், காய்ச்சல், நடக்கிறார். நஞ்சம்மா அப்போதுதான் அழுதாள். காலையிலிருந்து சேர்த்துவைத்ததையெல்லாம் சேர்த்து அழுதாள்.

ஆறு மணிக்கு ஜீப்பிலிருந்து பொன்னுசாமி இறங்கினார். ஒல்லியான மனுஷன், கசங்கிய சட்டை, ஒரு பக்கக் கண்ணாடி உடைந்திருந்தது. கோவிந்தப்பன் கையைக் கட்டிக்கொண்டு எழுந்து நின்றான். விடுதலை ஆன முகமாக அது இல்லை. வேலை போகப்போகிறவன் முகமாக இருந்தது.

நடந்ததையெல்லாம் இன்ஸ்பெக்டர் சொல்ல, பொன்னுசாமி கேட்டுக்கொண்டார். பிறகு வெளியே போய்க் கம்பெனி வண்டியின் பின்னால் சிரமப்பட்டுக் குனிந்தார். உடையாத கண்ணாடிப் பக்கமாகத் தலையைச் சாய்த்து டயரின் எழுத்தைப் படித்தார். இன்னொரு பக்கமும் போய்ப் படித்தார்.

"எப்ப மாத்தின?"

"திங்கக்கெழம சாயந்திரமே மாத்திட்டன் சார்."

அவர் உள்ளே வந்து மேஜைமேலிருந்த நோட்டை எடுத்தார். பேனா கேட்டார். அது கோர்ட்டுக்குப் போக வேண்டிய சாட்சியம், அதில் ஒரு எழுத்துக்கூட அடிக்கக் கூடாது என்று இன்ஸ்பெக்டர் பதறினார். அடிக்கவில்லை என்றார் பொன்னுசாமி. தான் எழுதியிருந்த வரிக்குக் கீழே, அதே நேரான எழுத்தில், தினமும் தொழிற்சாலையில் எழுதுகிற இரண்டு வார்த்தையை எழுதிக் கையெழுத்துப் போட்டார்.

முத்துமணி அவர் தோளுக்குப் பின்னாலிருந்து எட்டிப் பார்த்தாள்.

சரி செய்யப்பட்டது.